காகித பூட்ஸ் போட்ட ஜாக்கி

ஜெத்ரோ பின்னக் என்ற ஜாக்கியை நான் இருபத்தொன்பது வருஷம் சகித்துக்கொண்டேன். ஒரே லாயத்தின் மச்சில் அவனோடு வைக்கோல் மெத்தையைப் பகிர்ந்துகொண்டேன். பிறகு அவனுடைய பூட்ஸைத் துடைத்தேன். கடைசியில் அவனுடைய சவப்பெட்டியின் ஒரு மூலையைத் தூக்கினேன். அவனைப் பற்றிச் சொல்ல என்னைவிடத் தகுதியான ஆள் எங்கள் பந்தய ஊரான நியூமார்க்கெட்டில் இல்லை. அவன் செத்த வாரத்தில் மூன்று பத்திரிகைகள் அவனைப் பற்றி எழுதின. மூன்றிலும் சேர்த்து ஒரே ஒரு வரிதான் உண்மை. 'அவருக்குக் குதிரை ஓட்டத் தெரியும்' என்ற வரி.

அவன் லோஸ்டாஃப்ட் துறைமுகத்தில் மீன் விற்ற ஒருவரின் ஆறாவது பிள்ளை. 1892இல், பன்னிரண்டு வயதில், கான்ட் என்ற பயிற்சியாளரின் லாயத்துக்குத் தொழில் கற்க அனுப்பப்பட்டான். நானும் அதே வாரம் அங்கே சேர்ந்தேன். அவன் எடை அறுபத்திரண்டு ராத்தல். வந்த முதல் நாளே, தன் அப்பா கப்பல் தலைவர் என்று எங்களிடம் சொன்னான். மறு ஞாயிற்றுக்கிழமை அப்பா அவனைப் பார்க்க வந்தார், கையில் ஒரு கூடை ஹெர்ரிங் மீனோடு. ஜெத்ரோ லாயத்துக் கதவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டு என்னை அனுப்பினான்.

"நான் இல்லன்னு சொல்லுடா, ஓபெட்."

"உன் அப்பாடா."

"அதனாலதான் சொல்றேன். அந்த நாத்தத்தோட என்கிட்ட நிக்கக் கூடாது."

அவர் ஒரு மணி நேரம் முற்றத்தில் நின்றுவிட்டு, கூடையை என்னிடம் கொடுத்துவிட்டுப் போனார். நாங்கள் எல்லோரும் அந்த மீனைச் சுட்டுத் தின்றோம். ஜெத்ரோவும் தின்றான், எல்லாரையும்விட இரண்டு மீன் அதிகமாக.

எனக்குப் பதினாறு வயதில் கால் நீண்டுவிட்டது, தோள் விரிந்துவிட்டது. ஜாக்கி ஆகும் கனவு அத்தோடு முடிந்தது. குதிரை சுமக்க வேண்டிய எடை சரியா என்று ஜாக்கிகளை நிறுக்கும் எடை அறையில், அவர்களின் சேணத்தையும் பூட்ஸையும் பார்த்துக்கொள்ளும் உதவியாள் வேலைக்குப் போனேன். ஜெத்ரோ வளரவில்லை. உடம்பில் மட்டுமல்ல.

பத்தொன்பது வயதில் முதல் பந்தயத்தை ஜெயித்தான். அந்தச் சமயத்தில்தான் அமெரிக்காவிலிருந்து சில ஜாக்கிகள் வந்தார்கள். கால் மாட்டும் அங்கவடியைக் குட்டையாகக் கட்டி, குதிரையின் கழுத்தோடு ஒட்டிக் குனிந்து ஓட்டினார்கள். எங்கள் ஊர் ஜாக்கிகள் அதுவரை நாற்காலியில் உட்கார்வது போல நிமிர்ந்துதான் ஓட்டிக்கொண்டிருந்தார்கள். ஜெத்ரோ சிரித்த சிரிப்பு எடை அறை முழுக்கக் கேட்டது.

"பாத்தியாடா, கம்பத்துல ஏறின குரங்கு மாதிரி! குதிரை தும்மினா மூக்குல போய் விழுவான்."

அந்தக் குரங்குகள் வரிசையாக ஒன்பது பந்தயம் ஜெயித்தன. பத்தாவது பந்தயத்துக்கு முன் ஜெத்ரோ என்னைத் தனியாகக் கூப்பிட்டு, அங்கவடித் தோலில் நாலு ஓட்டை மேலே போடச் சொன்னான். அடுத்த வருஷம் ஒரு நிருபரிடம், சின்ன வயதில் அப்பாவின் கப்பலில் வளர்த்த குதிரைக்குட்டியின் மேல் இப்படித்தான் குனிந்து பழகியதாகவும், அமெரிக்கர்கள் தன்னைப் பார்த்துத்தான் கற்றிருக்க வேண்டும் என்றும் சொன்னான். கப்பலில் குதிரைக்குட்டி எதற்கு என்று அந்த நிருபரும் கேட்கவில்லை. அப்படியே அச்சில் வந்தது. அந்தத் துண்டை வெட்டிப் பர்ஸில் வைத்துக்கொண்டு இரண்டு வருஷம் எல்லாரிடமும் காட்டினான்.

ஒன்றை மறைக்க மாட்டேன். விடியற்காலைப் பயிற்சியில், யாரும் பார்க்காதபோது, அவன் கையில் கடிவாளம் பட்டு நூல் போலத் தொங்கும். முரட்டுக் குதிரைகூட அவன் கீழே காதைத் தளர்த்திக்கொண்டு ஓடும். அவன் அதை யாரிடமும் கற்கவில்லை. அது அவனிடம் இருந்தது, அவ்வளவுதான். கூட்டம் வந்து உட்கார்ந்துவிட்டால் அந்தக் கை காணாமல் போகும். 1904 இலையுதிர் காலத்தில் பெரிய பந்தயம் ஒன்றை டாம்சன் என்ற பெண் குதிரையின் மேல் ஜெயித்தான். கடைசி இருநூறு கஜத்தில் பக்கத்தில் யாரும் இல்லை. அவள் தானாகவே ஓடிப் போய் ஜெயித்திருப்பாள். அவன் ஏழு முறை சவுக்கால் அடித்தான். நான் எண்ணினேன். அடித்தது சீமாட்டிகள் உட்கார்ந்திருந்த பக்கம்.

"எதுக்குடா அடிச்ச? எவன்டா உன்னைத் தொரத்தினான்?" என்று கேட்டேன்.

"சும்மா ஜெயிச்சா குதிரை ஜெயிச்சதுன்னு சொல்லுவாங்க. அடிச்சாத்தான் ஜாக்கி ஜெயிச்சான்னு சொல்லுவாங்க."

டாம்சனின் விலாவில் சவுக்குத் தடிப்புகளுக்கு நான்தான் எண்ணெய் தடவினேன். அது என் வேலையே இல்லை.

அதற்குப் பிறகு ரோமக் காலர் வைத்த மேல்கோட்டு வந்தது. வெள்ளிப்பூண் போட்ட கைத்தடி வந்தது. சேணம் தைக்கும் டிரிங் என்பவரின் மகள் லவினியா மனைவியாக வந்தாள். நல்ல உயரம், நல்ல சிரிப்பு, கணவனைவிட ஒரு தலை பெரியவள். கல்யாணப் படத்தில் அவளை நாற்காலியில் உட்கார வைத்து, தான் பக்கத்தில் ஒரு மரப்பெட்டியின் மேல் நின்றான். பெட்டி தெரியாதபடி அவளுடைய பாவாடையை அதன்மேல் பரப்பச் சொன்னான்.

ஜாக்கிக்குப் பட்டினி தொழிலின் பாதி. அதில் நான் யாரையும் கேலி செய்ய மாட்டேன். வெறும் தேநீரும் ஒரு துண்டு ரொட்டியுமாக, நாலு கம்பளிச்சட்டை போட்டுக்கொண்டு எட்டு மைல் நடந்து வியர்வை சிந்தி, வாயைத் திறக்காமல் தராசில் ஏறும் ஆட்களைத் தினமும் பார்த்தவன் நான். நோவா ஃபிளாட் அப்படிப்பட்டவன். அவனைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். ஜெத்ரோவோ, தான் பட்டினி கிடந்தால் வீடே கிடக்க வேண்டும் என்பான். அவன் முன்னால் லவினியா தட்டைத் தொடக் கூடாது. பாவம், அவள் தன் அப்பா கடைக்கு வந்து, தோல் வாசனைக்கு நடுவே நின்றபடி ஆட்டுக்கறிப் பணியாரம் தின்பாள்.

எடை குறைக்க அவன் செய்ததில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். லாயத்துக்குப் பின்னால் சாணக்குவியல் ஒன்று எப்போதும் ஆவி விட்டுக்கொண்டிருக்கும். அதில் கழுத்துவரை புதைந்து உட்கார்ந்தால் ஒரு மணி நேரத்தில் மூன்று ராத்தல் இறங்கும். பழைய வழக்கம்தான், பலரும் செய்தது. ஆனால் ஜெத்ரோ தொப்பியோடு உட்கார்ந்தான். அன்று பார்த்து டாம்சனின் சொந்தக்காரியான சீமாட்டி ஹார்ட்கிளிஃப் முன்னறிவிப்பு இல்லாமல் வந்துவிட்டார். முனை திரும்பியதும் எதிரே சாணத்தில் ஒரு தலை, தலைமேல் ஒரு தொப்பி. ஜெத்ரோ மரியாதைக்குத் தொப்பியைத் தூக்கப் பார்த்தான். இரண்டு கையும் உள்ளே புதைந்திருந்தன. முகம்தான் மேலும் கீழும் ஆடியது.

அந்த அம்மாள் மூக்கில் கைக்குட்டையை வைத்துக்கொண்டு, "பரவாயில்ல பின்னக், எந்திரிக்க வேண்டாம்" என்று சொல்லிவிட்டுத் திரும்பினார்.

அன்று மாலையே அவன் மதுக்கடையில் சொல்லிக்கொண்டிருந்தான்: "சீமாட்டி என்னைப் பார்த்ததும் 'எந்திரிக்காதீங்க'ன்னாங்கப்பா. இந்த ஊர்ல வேற எந்த ஜாக்கிக்கு அந்த மரியாதை?"

இதுவரை சொன்னது சிரிக்கும் விஷயம். இனிமேல் சிரிக்க முடியாது.

நோவா ஃபிளாட் எங்கள் சஃபோக் பக்கத்து ஆள். பேச்சு குறைவு. குதிரையைத் திட்டவும் மாட்டான். 1908 ஜூலையில் ஒரு பந்தயத்தில் லாந்தர்ன் என்ற குதிரையின் மேல் ஜெத்ரோவுக்கு முன்னால் போய்க்கொண்டிருந்தான். நான் வளைவுக்குப் பக்கத்தில் வேலியோரம் நின்றிருந்தேன். ஜெத்ரோவுக்கு வெளிப்புறம் நிறைய இடம் இருந்தது. அவன் வேண்டுமென்றே உள்ளே ஒடித்து, தன் காலை நோவாவின் முழங்காலுக்குக் கீழே கொடுத்து நெம்பினான். பதினைந்து கஜ தூரத்தில், என் கண்ணால் பார்த்தேன். நோவா விழுந்தான். லாந்தர்ன் அவன்மேல் விழுந்தது. ஜெத்ரோ ஜெயித்தான்.

அன்று பந்தயத்தைக் கண்காணித்த மூன்று கனவான்கள் எடை அறையிலேயே விசாரணை நடத்தினார்கள். நோவாவை வண்டியில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அதனால் பேசியது ஜெத்ரோ மட்டும். கண்ணில் நீர்கூட வரவழைத்தான்.

"அவன் குறுக்க வந்துட்டான், ஐயா. நான் கத்தினேன். நோவா எனக்குத் தம்பி மாதிரி, ஐயா."

நோவா அவனைவிட நாலு வயது மூத்தவன்.

மூவரில் ஒருவர் அறையைச் சுற்றிப் பார்த்து, "வேற யாராவது பார்த்தீங்களா?" என்று கேட்டார்.

நான் கையில் இருந்த பூட்ஸைத் துடைத்துக்கொண்டிருந்தேன். அது ஏற்கெனவே பளபளத்துக்கொண்டிருந்தது. தலையை நிமிர்த்தவில்லை. ஜாக்கிகளைப் பகைத்துக்கொண்ட உதவியாளுக்கு எடை அறையில் மறுநாள் இடம் கிடையாது. காரணம் அது ஒன்றுதான். ஜெத்ரோவை நான் இகழும்போதெல்லாம் அந்தப் பளபளத்த பூட்ஸும் எனக்குத் தெரியும். அவனை இகழ்வதை நிறுத்தவும் மாட்டேன்.

நோவாவுக்கு இடுப்பு எலும்பு உடைந்திருந்தது. பேரிக்காய் வாங்கிக்கொண்டு பார்க்கப் போனேன். ஒன்றைக் கடித்து மெதுவாக மென்று முடித்துவிட்டுத்தான் கேட்டான்.

"வளைவுல நீதான நின்ன, ஓபெட்?"

"நின்னேன். வெயில் கண்ணுல அடிச்சுது, நோவா. சரியாத் தெரியல."

"அன்னிக்கு வெயிலே இல்லையேப்பா" என்றான். பேரிக்காய்களை என் பக்கம் நகர்த்தினான். "காய் இனிப்பா இருக்கு. நீயும் ஒண்ணு எடுத்துக்க" என்றான்.

நோவா பிறகு குதிரை ஏறவே இல்லை. கால் இழுத்து நடந்தபடி, ஒரு லாயத்தில் தீவனம் அளந்து போடும் வேலை பார்த்தான்.

முப்பதை நெருங்கும்போதே ஜெத்ரோவுக்கு உடம்பு கேட்காமல் போயிற்று. சாணமும் வேலை செய்யவில்லை. நூற்றைந்து ராத்தலில் சவாரி செய்கிறேன் என்று குதிரைச் சொந்தக்காரர்களிடம் சொல்லிச் சவாரி வாங்குவான். உண்மையில் நூற்றேழு. அதற்கு அவன் கண்ட வழிதான் காகித பூட்ஸ். எடை அறையில் அப்படித்தான் சொல்வோம், ஆனால் அது மெல்லிய ஆட்டுக்குட்டித் தோல். கறுப்புச் சாயம் பூசி, அடித்தட்டே இல்லாமல், கையில் வைத்தால் பறந்துவிடுமோ என்றிருக்கும். பந்தயத்துக்கு முன் அதைப் போட்டுக்கொண்டு தராசில் ஏறுவான். எடையைக் குறித்ததும் மறைவுக்கு வந்து நிஜ பூட்ஸை மாட்டிக்கொண்டு குதிரை ஏறுவான். ஓடி முடித்துத் திரும்ப எடை போடும்போது இரண்டு ராத்தல்வரை கூடுதல் இருந்தால் கேள்வி இல்லை. அந்த இரண்டு ராத்தல் இடைவெளியில்தான் அவன் மூன்று வருஷம் வாழ்ந்தான். குதிரை சொன்னதைவிட அதிகம் சுமந்தது. ஒழுங்காகப் பட்டினி கிடந்தவனுக்குச் சவாரி கிடைக்கவில்லை. அந்த பூட்ஸை என் கோட்டுக்குள் ஒளித்து வைத்திருந்தவன் நான்.

1911 அக்டோபரில் ஒரு நாள் மதியம் நல்ல மழை. ஜெத்ரோ கழுத்தளவு வித்தியாசத்தில் ஜெயித்தான். கைதட்டல் வாங்கிக்கொண்டு, ஈரத்தில் ஊறிய துணியோடு சேணத்தைத் தூக்கிக்கொண்டு வந்து நாற்காலித் தராசில் உட்கார்ந்தான். தராசு அதிகாரி மெரிடன் என்ற பெரியவர். முள்ளைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார்.

"நூத்தி எட்டரை. போகும்போது நூத்தி அஞ்சு. மூணரை ராத்தல் எங்கேர்ந்து வந்துது, பின்னக்?"

"மழைங்க, ஐயா."

"மத்தவங்களுக்கும் அதே மழைதான். அவங்க ஒண்ணரைக்கு மேல ஏறல."

ஜெத்ரோவின் கண் சுற்றியது. அந்தச் சுற்றலை எனக்கு லாயத்துக் காலத்திலிருந்தே தெரியும். யார் தலையில் போடலாம் என்று தேடும் கண். என்மேல் வந்து நின்றது.

"இவன்தாங்க, ஐயா! இந்த ஓபெட் கெர்ஸி. சேணத்துக்குக் கீழ போடுற துணிய மாத்திக் குடுத்திருக்கான். காசு வாங்கியிருப்பான். எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க."

மெரிடன் என்னைப் பார்த்தார். "என்ன சொல்ற, கெர்ஸி?"

நான் தைரியசாலி இல்லை. மழைமேல் பழியைப் போட்டு அவன் நின்றிருந்தால் நானும் மழைதான் என்று சொல்லியிருப்பேன். ஆனால் அவன் விரல் என்னை நோக்கி நீண்டிருந்தது. வேலை எப்படியும் போயிற்று என்று புரிந்தபிறகு வந்த துணிச்சல் அது. கோட்டுக்குள் கையை விட்டு, அந்த ஆட்டுக்குட்டித் தோல் பூட்ஸை எடுத்துத் தராசுக்குப் பக்கத்து மேஜையில் வைத்தேன்.

"போகும்போது இதைத்தான் போட்டிருந்தார், ஐயா. மூணு வருஷமா இதுதான். நான்தான் எடுத்துக் குடுத்தேன். ஃபிளாட் விழுந்த அன்னிக்கு வளைவுல நடந்ததையும் கேளுங்க, சொல்றேன்."

மெரிடன் பூட்ஸை இரண்டு விரலால் தூக்கினார். அது ஒரு செத்த வௌவால் மாதிரி தொங்கியது. யாரோ ஒரு ஜாக்கி சிரிப்பை அடக்க முடியாமல் இருமினான். பிறகு அறை முழுக்கச் சிரித்தது. ஜெத்ரோ தராசிலிருந்து இறங்கக்கூட இல்லை. அங்கேயே உட்கார்ந்து, "நான் யாரு தெரியுமா? நான் யாரு தெரியுமா?" என்று கேட்டுக்கொண்டிருந்தான்.

அவனுடைய லைசென்ஸ் போயிற்று. நியூமார்க்கெட் மைதானத்தில் கால் வைக்கக் கூடாது என்று உத்தரவு. என்னையும் எடை அறையிலிருந்து வெளியே அனுப்பினார்கள், அது நியாயம்தான். நோவாவின் விஷயத்தைப் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்கள். மூன்று வருஷம் கழித்து ஒன்றும் செய்வதற்கில்லை என்றார்கள். அந்தக் கனவான்களின் மேல் எனக்கு இருக்கும் மதிப்பு அத்தோடு சரி. லவினியாவின் அப்பா டிரிங் எனக்குக் கடையில் வேலை கொடுத்தார். மருமகனைப் பிடித்துக் கொடுத்ததற்கு நன்றி என்று வாய்விட்டே சொன்னார்.

ஜெத்ரோ லண்டனுக்குப் போனான். அங்கே ஒரு நாடகக் கொட்டகையில் குதிரைப் பந்தயக் காட்சி வைத்திருந்தார்கள். மேடையில் சுழலும் பட்டைகளின் மேல் மூன்று நிஜக் குதிரைகள் ஓடும், பின்னால் சீலையில் வரைந்த மரங்கள் நகரும். குதிரைகள் இருந்த இடத்திலேயே இருக்கும். அதில் வில்லனின் ஜாக்கியாக ஜெத்ரோ. ஒவ்வொரு ஆட்டத்திலும் அவன் தோற்க வேண்டும், அதற்குத்தான் சம்பளம். லவினியாவுக்கு அவன் டிக்கெட் அனுப்பினான். தனியாகப் போக மனமில்லாமல் என்னையும் அழைத்தாள். மதிய ஆட்டம்.

ஐந்து வாரம் ஒழுங்காகத் தோற்றிருக்கிறான். அன்று மனைவி பார்க்கிறாள் என்பதாலோ என்னவோ, தாங்க முடியவில்லை. கடைசிக் கட்டத்தில் குதிரையைச் சவுக்கால் வெளுக்க ஆரம்பித்தான். பாவம் அந்தக் குதிரை பட்டையைவிட வேகமாக ஓடி, முன்னால் போய், வெற்றிக் கம்பத்தை முதலில் தாண்டிவிட்டது. கதாநாயகன் தோற்றுப்போனான். ஆனாலும் அவனுக்கு ஒரு வெற்றிப் பாட்டு இருந்தது. என்ன செய்வதென்று தெரியாமல் அவன் பாட, ஜெத்ரோ பக்கத்தில் நின்று தொப்பியைத் தூக்கிக் கூட்டத்துக்கு வணக்கம் போட்டான். கொட்டகையே விழுந்து விழுந்து சிரித்தது. அதை அவன் பாராட்டு என்று நினைத்தான்.

லவினியா சிரிக்கவில்லை. கையுறையை மாட்டிக்கொண்டாள்.

"போலாம் ஓபெட். இதுக்கு மேல பாக்க ஒண்ணுமில்ல."

"அவனைப் பார்த்துட்டுப் போகலையா?"

"ஏழு வருஷமாப் பாத்துட்டேன்."

அவள் பிறகு யார்மவுத்துக்குப் போய்க் கடற்கரையில் ஒரு தேநீர்க்கடை வைத்தாள். அங்கே தட்டு நிறையப் பரிமாறுவார்கள் என்று கேள்வி. ஜெத்ரோவைக் கொட்டகையிலிருந்து அன்றே விரட்டிவிட்டார்கள்.

போர் வந்தது, போயிற்று. குதிரைப்படைக்குப் பயிற்சி கொடுத்தேன் என்று அவன் எல்லாரிடமும் சொன்னான். உண்மையில் ஒரு ரொட்டிக்கடை வண்டி ஓட்டினான். 1919இல் ஊருக்குத் திரும்பி, மைதானத்து வாசலுக்கு வெளியே, உத்தரவுக்குள் வராத ஒரு சாண் இடத்தில், சாயம் போன பட்டுச் சட்டையோடு நின்று, எந்தக் குதிரை ஜெயிக்கும் என்று துண்டுச்சீட்டு விற்றான். நான் ஒருமுறை வாங்கினேன். நொண்டிக் குதிரை ஒன்றின் பேரை எழுதியிருந்தான். என்னை அவனுக்குத் தெரியவில்லை, அல்லது தெரியாத மாதிரி இருந்தான்.

1921 பிப்ரவரியில் மார்ச்சளியில் செத்தான். சவ அடக்கத்துக்கு ஐந்து பேர் வந்தோம். பெட்டி தூக்க நாலு பேர் வேண்டும். ஐந்தாவது ஆள் பாதிரியார். நாலாவதாக மூலையைப் பிடிக்க நோவா ஃபிளாட் காலை இழுத்துக்கொண்டு முன்னால் வந்தபோது எனக்கு என்னமோ போல இருந்தது. பெட்டி கனக்கவே இல்லை.

மண் போட்டு முடித்துத் திரும்பி நடக்கும்போது கேட்டேன்.

"நீ எதுக்கு வந்த, நோவா?"

அவன் வேகத்துக்கு நான் நடையைக் குறைத்துக்கொண்டேன்.

"காலைல பயிற்சியில அவன் ஓட்டி நான் பாத்திருக்கேன்ப்பா. அந்தக் கை எனக்கு இல்ல. இங்க யாருக்கும் இல்ல." வேலியைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினான். "அவ்ளோ நல்ல கைய ஒரு அற்பப் பயகிட்ட ஆண்டவன் குடுத்து வச்சிருந்தான். அது திரும்பிப் போய்ச் சேருதான்னு பாக்க வந்தேன்."

எனக்கு அந்த அளவு பெருந்தன்மைகூட வரவில்லை. இருவரும் அடுத்த தெருவில் சூப் குடித்தோம். நோவாதான் காசு கொடுத்தான்.